மீன்ல புழு இருந்தா மீன்காரம்மாவைத் திட்டுறதுக்கு முன்னாடி...

எங்க அபார்ட்மென்ட் வாட்ஸ்அப் குரூப்புல ஒரு போட்டோ வந்துச்சு. எவர்சில்வர் தட்டுல வெட்டிக் கழுவாத சங்கரா மீன். செவுள் ஓரத்துல மெல்லிசா, வெள்ளையா, குட்டிக் குட்டிப் புழுங்க. கீழ ஒரு வரி: "இன்னிக்குக் காலைல வாங்கினது. இனிமே அந்தம்மாகிட்ட யாரும் மீன் வாங்காதீங்க."

அவ்வளவுதான். "நானும் நிறுத்திட்டேன்", "ஐஸ்ல ஒரு வாரம் வெச்சு விக்கறாங்க", "ஆன்லைன்ல வாங்குங்க, சுத்தமா இருக்கும்"னு வரிசையா வந்து விழுது.

எனக்கு வந்துச்சு பாருங்க கோவம்!

அந்தக்கா விடியக்காலைல காசிமேடு போய் ஏலத்துல எடுத்து, ஷேர் ஆட்டோ புடிச்சு, எங்க தெரு முனைல வந்து உட்கார்றவங்க. ஒரு போட்டோ போதும், அவங்க பொழப்புல மண்ணு விழறதுக்கு. போட்டோ போட்டவங்களுக்குத் தனியா போன் பண்ணிக் கேட்டேன். வெட்டினப்புறம் மீன் எங்க இருந்துச்சு? "பால்கனிலதாங்க வெச்சேன். ஊர்ல இருந்து போன் வந்துச்சு, பேசிட்டு வர்றதுக்குள்ள... ஒரு கால் மணி நேரம் இருக்கும்."

கால் மணி நேரம் தாராளமாப் போதும்.

குரூப்புல ஒரு அங்கிள் நியாயமான கேள்வி கேட்டார். "ஏம்மா, ஈ வந்து உட்கார்ந்து, முட்டை போட்டு, அது பொரிச்சு, புழு வர்றதுக்கு கால் மணி நேரம் பத்துமா?" பத்தாது. முட்டை போடுற ஈயா இருந்தா பத்தவே பத்தாது. பச்சையா மினுமினுக்குற ஈ, நீல ஈ எல்லாம் முட்டைதான் போடும். நம்ம ஊர் வெயில்லயே அது பொரிய பல மணி நேரம் ஆகும்.

ஆனா முட்டையே போடாத ஈ ஒண்ணு இருக்கு. நேரா புழுவாவே பெத்துப் போடும்!

சதை ஈ. இறைச்சி ஈன்னும் சொல்லலாம். சார்கோஃபாஜிடேன்னு ஒரு பெரிய குடும்பம், உலகம் பூரா சுமார் 3,000 இனம். இதுங்கள்ல தாய் ஈயோட வயித்துக்குள்ளயே முட்டை பொரிச்சுடும். குட்டிப் புழுங்க உள்ள தயாரா காத்துட்டு இருக்கும். வாசனை புடிச்சு வந்து உட்கார்ந்த அடுத்த நிமிஷம், வால் நுனியை மீன்மேல தொட்டு தொட்டு எடுக்கும். ஒவ்வொரு தொடுதலுக்கும் புழு. ஒரு பிரசவத்துக்கு சில டஜன். உட்காரக்கூட நேரமில்லைன்னா பறந்துட்டே உதுத்துட்டுப் போறதும் உண்டு.

இதைக் கண்ணால பாக்கணும்னு எனக்கு ரொம்ப நாள் ஆசை. மொட்டை மாடில ஒரு வாழையிலைத் துண்டுல மீன் குடலை வெச்சுட்டு, பக்கத்துல உட்கார்ந்துட்டேன். (அம்மா: "ஏண்டி, ஊர் உலகத்துல பொண்ணுங்க எல்லாம் இப்படியா இருக்கு?") முதல்ல வந்தது பச்சை ஈ, கூட்டமா. அப்புறம்தான் இது வந்துச்சு. கனமான ஈ, 'ர்ர்ர்'னு சத்தம். இலைல நேரா எறங்கலை. பக்கத்துத் தொட்டி விளிம்புல உட்கார்ந்து, முன்னங்காலைத் தேய்ச்சு, ரெண்டு மூணு தடவை கிட்ட வந்து வந்து போச்சு. எறங்கினப்புறம் ஆற அமர எதுவும் செய்யலை. குடல் மடிப்புக்குள்ள வயித்து நுனியை வளைச்சுச்சு, அசையாம நின்னுச்சு, வெள்ளையா ஒண்ணு வழுக்கி விழுந்துச்சு. விழுந்த புழு ஒரு நொடிகூட வெளில நிக்கலை. தலையை அந்தப் பக்கம் இந்தப் பக்கம் ஆட்டிட்டு ஈரமான மடிப்புக்குள்ள பூந்துடுச்சு. அடுத்தது. அதுக்கு அடுத்தது. பச்சை ஈங்க இன்னும் முட்டை வைக்க இடம் தேடிட்டு இருக்குறப்ப, இதோட புள்ளைங்க சாப்பிடவே ஆரம்பிச்சாச்சு!

எனக்கு அன்னிக்கு முழுக்க வேற எதுவும் ஓடலை. என்ன ஒரு ஏற்பாடு இது!

இதுல ஒரு பழைய கதை இருக்கு. 1668ல, இத்தாலில ஃபிரான்செஸ்கோ ரெடின்னு ஒரு டாக்டர். ஃப்ளோரன்ஸ்ல மெடிச்சி அரண்மனை வைத்தியர். அந்தக் காலத்துல, அழுகுற கறிலேர்ந்து புழு தானாவே உண்டாகுதுன்னுதான் எல்லாரும் நம்பினாங்க. ரெடி நம்பலை. வாயகன்ற ஜாடிங்கள்ல பாம்பு, ஆத்து மீன், விலாங்கு, கன்னுக்குட்டிக் கறின்னு போட்டு மூடி வெச்சார். அதே மாதிரி இன்னொரு செட், மூடாம. திறந்ததுல புழு, மூடினதுல இல்லை. "காத்து போகலை, அதான் புழு வரலை"ன்னு யாராவது சொல்லுவாங்களேன்னு, மெல்லிய வலைத்துணி கட்டியும் செஞ்சு பாத்தார். காத்து போச்சு, புழு வரலை.

பள்ளிக்கூடப் புஸ்தகத்துல கதை இதோட முடிஞ்சுடும். நமக்கு வேண்டியது அதுக்கு அப்புறம்தான் வருது. அந்தத் துணிமேல வந்து உட்கார்ந்த சில ஈங்க முட்டை போடாம உயிரோட புழுவைப் போட்டதையும், சிலது துணியைத் தொடுறதுக்கு முன்னாடியே காத்துலயே உதுத்ததையும் ரெடி எழுதி வெச்சிருக்கார். 350 வருஷத்துக்கு முன்னாடி, நம்ம பால்கனி ஈயோட சொந்தக்காரங்க செஞ்ச வேலை!

பின்னாடி ஃபிரான்ஸ்ல ஃபாப்ர் வந்தார் (பூச்சிகளைப் பத்தி அவர் எழுதினதைப் படிக்காதவங்க படிச்சுடுங்க, வாழ்க்கைல ஒரு தடவையாவது). கறிக்கு மேல கம்பி வலை போட்டாலும், இந்த ஈ அந்த ஓட்டை வழியா புழுவைக் கீழ விட்டுடும்னு அவர் பாத்துச் சொன்னார். அதனால வீட்ல சாப்பாட்டு மேல கவுக்குற வலைக்கூடை இருக்கே, அதை மட்டும் நம்பாதீங்க. பொறந்த புழு ரொம்ப மெல்லிசு. வலைக்கு மேல ஒரு பழைய வேட்டித் துணியைப் போட்டா கவலையே இல்லை.

சரி, மீன் நிஜமாவே பழசா, இல்ல ஈ இப்பதான் போட்டுட்டுப் போச்சான்னு எப்படிக் கண்டுபிடிக்கிறது?

புழுவோட சைஸைப் பாருங்க. ரெண்டு மூணு மில்லிமீட்டர்ல, மெல்லிசா, மேலாப்ல செவுள் ஓரம், வெட்டுவாய், வாய்ப் பக்கம் மட்டும் இருந்தா அது புதுசு. கொழுகொழுன்னு ஒரு செண்டிமீட்டர் நீளத்துல, சதைக்குள்ள பூந்து இருந்தா, அது வளரவே நாள் ஆகியிருக்கும். அந்த மீன் வேண்டாம். புழு இல்லாட்டியும் கண்ணு குழிஞ்சு, செவுள் பழுப்பா போய், விரலால அழுத்தினா பள்ளம் அப்படியே நின்னா அந்த மீனும் வேண்டாம். குரூப்புல வந்த அந்த சங்கராவுக்குச் செவுள் ரத்தச் சிவப்பு, கண்ணு பளபளன்னு இருந்துச்சு. போட்டோவைப் பெருசு பண்ணிப் பாத்துட்டுத்தான் சண்டைக்கே போனேன்.

இப்ப ஈயை எப்படி அடையாளம் கண்டுபிடிக்கிறது? இதுதான் எனக்குப் பிடிச்ச பகுதி, நீளமா எழுதுவேன், பொறுத்துக்கோங்க.

குடும்பத்தைக் கண்டுபிடிக்கிறது ரொம்ப சுலபம். முதுகுல சாம்பல் நிறத்துமேல மூணு கருப்புக் கோடு. (வீட்டு ஈக்கு நாலு கோடு, உருவத்துலயும் சின்னது.) வயிறு சதுரங்கப் பலகை மாதிரி கருப்பும் வெள்ளியுமா கட்டம் கட்டமா இருக்கும். அந்தக் கட்டத்துல ஒரு வித்தை இருக்கு: வெளிச்சம் விழற கோணம் மாறினா கருப்புக் கட்டம் வெள்ளியாகும், வெள்ளி கருப்பாகும். அது சாயம் இல்லை, மேல படிஞ்ச நுண்ணிய தூள் பூச்சுல வெளிச்சம் செய்யற வேலை. கண்ணு செங்கல் சிவப்பு. உடம்பு பூரா முள்ளு முள்ளா மயிர். பச்சை, நீல மினுமினுப்பு கிடையவே கிடையாது.

பெரும்பாலும் இது போதும். லென்ஸ் இருந்தா உணர்கொம்புல நீட்டிட்டு இருக்குற மயிரைப் பாருங்க. பச்சை ஈக்கு அது நுனி வரைக்கும் இறகாட்டம் கிளைச்சிருக்கும். சதை ஈக்குப் பாதி வரைக்கும்தான் கிளை, நுனி மொட்டை.

இனம் என்னன்னு கேட்டீங்கன்னா, அங்கதான் சிக்கலே.

சார்கோஃபாகா பேரினத்துல ஒண்ணுக்கொண்ணு உரிச்சு வெச்ச மாதிரி இருக்கும். நான் மாடில எடுத்த போட்டோ எல்லாத்தையும் வரிசையா வெச்சு, வலைல கிடைச்ச படங்களோட ஒப்பிட்டு ஒப்பிட்டுப் பாத்தேன். கோடு ஒண்ணுதான், கட்டம் ஒண்ணுதான், கண்ணு ஒண்ணுதான். கடைசில எனக்குத் தெரிஞ்ச ஒரு காலேஜ் விலங்கியல் மேடம்கிட்ட போனேன். போட்டோவைப் பாத்துட்டு போனைத் திருப்பிக் குடுத்துட்டாங்க. "ஆண் ஈ ஒண்ணு கொண்டா. வால் நுனியைப் பாக்காம நான் பேரு சொல்ல மாட்டேன்."

விஷயம் என்னன்னா, இந்த ஈங்களுக்கு இனத்துக்கு இனம் உறுதியா மாறுறது ஆணோட இனப்பெருக்க உறுப்பு மட்டும்தான். 1916ல அமெரிக்கால ஜான் மெர்ட்டன் ஆல்ட்ரிச், சார்கோஃபாகாவைப் பத்தி ஒரு பெரிய புஸ்தகம் போட்டு, அந்த உறுப்பை வெச்சு இனங்களைப் பிரிச்சுக் காட்டினார். நம்ம பக்கத்து இனங்களுக்கு சீனியர் ஒயிட் 1924ல ஒரு பெரிய கட்டுரை எழுதினார். 2002ல பி.சி. நந்தி, இந்திய விலங்கியல் ஆய்வகத்துக்காக ஒரு முழுத் தொகுதியே எழுதினார். இன்னிக்கும் மேஜைமேல விரிச்சு வெச்சுப் பாக்குறது அதைத்தான்.

மேடம் செஞ்சு காட்டினதைச் சொல்றேன். அப்பதான் செத்த ஈ, இன்னும் விறைக்கலை. ஸ்டீரியோ மைக்ராஸ்கோப்புக்குக் கீழ மல்லாக்க வெச்சாங்க. மயிரிழை ஊசியால வயித்து நுனில இருந்த பளபளப்பான உருண்டையைக் கொக்கி போட்டு மெதுவா பின்னால இழுத்தாங்க. உள்ள மடிஞ்சு கிடந்தது வெளில விரிஞ்சுச்சு. வெளிக்கண்ணுக்கு ஒரு புள்ளி. லென்ஸ்ல கொக்கி, மடல், முள்ளு, கண்ணாடியாட்டம் தெரியுற ஜவ்வு, எல்லாம் அடுக்கடுக்கா! ஒரு ஈயோட வால்ல இவ்வளவு வேலைப்பாடான்னு வாயடைச்சுப் போயிட்டேன். அப்படியே விரிச்ச நிலைல காய விட்டுட்டு, படத்தோட ஒவ்வொரு வளைவா ஒப்பிட்டுப் பாத்துச் சொன்னாங்க: சார்கோஃபாகா ருஃபிகார்னிஸ்.

1794ல ஃபாப்ரிசியஸ்ங்கற டென்மார்க்காரர் இதுக்குப் பேர் வெச்சிருக்கார். உணர்கொம்பு ஆரஞ்சுச் சிவப்பா இருக்கும்னு மேடம் காட்டினாங்க. ஆனா அதை மட்டும் வெச்சு முடிவு பண்ணக் கூடாதுன்னு கையோட எச்சரிக்கையும் குடுத்தாங்க. ஆசியாவோட வெப்பப் பகுதிங்கள்ல பரவலா இருக்குற இனம் இது. மனுஷன் போன வழில பிரேசில் வரைக்கும் போயிருக்கு.

அப்ப பெண் ஈயும் புழுவும் கிடைச்சா? உருவத்தை வெச்சுச் சொல்றது ரொம்பவே கஷ்டம். இப்ப டி.என்.ஏ. பார்கோடு பாக்குறாங்க. மைட்டோகாண்ட்ரியால இருக்குற ஒரு மரபணுத் துண்டைப் படிச்சு ஒப்பிடறது. தடயவியல்ல இது ரொம்ப முக்கியம். சடலத்துல இருக்குற புழுவோட வயசை வெச்சு செத்த நேரத்தைக் கணக்குப் போடறப்ப, முட்டைக் காலமே இல்லாத ஈயை முட்டை போடுற ஈன்னு எடுத்துக்கிட்டா கணக்கே தப்பிடும். உயிர் சம்பந்தப்பட்ட வழக்குல அது எங்க போய் முடியும்னு யோசிச்சுப் பாருங்க.

புழுவை வளர்த்துப் பாக்கவும் செஞ்சேன். வாயகன்ற ஹார்லிக்ஸ் பாட்டில், பாதிக்கு மணல், மேல ஒரு துண்டு மீன், வாய்ல துணி, ரப்பர் பேண்ட். (மாடில, காத்து அந்தப் பக்கம் போற மூலைல. வீட்டுக்குள்ள வேண்டவே வேண்டாம்.) மீனை ரொம்பக் காய விட்டா புழு பொழைக்கலை. தண்ணி ஜாஸ்தியா விட்டா மணல் சேறாகி நாத்தம் தாங்கலை. ஈரம் லேசா இருந்த பாட்டில்தான் உருப்படியா வந்துச்சு.

புழுவோட பின்பக்கத்தைக் கண்டிப்பா பாருங்க. அதுக்கு மூச்சுத் துளை அங்கதான். ஒரு ஆழமான குழிக்குள்ள, சுத்தி சதை மடல்களோட இருக்கும். தலைகீழா சாப்பாட்டுக்குள்ள முங்கிக்கிட்டு பின்பக்கத்தை வெளில வெச்சு மூச்சு விடும். தண்ணி மேல வந்தா அந்தக் குழியை மடலால மூடிக்கும். பச்சை ஈப் புழுவுக்கு இவ்வளவு ஆழமான குழி கிடையாது. புழுவை வெச்சுக் குடும்பம் சொல்லணும்னா இதுதான் வழி.

அழுகலுக்குள்ளயே பொறந்து வளர்ற இதுக்கு ஏன் நோய் வரலைன்னு எனக்கு ஒரே கேள்வி. 1980கள்ல ஜப்பான்ல ஷுன்ஜி நடோரியோட குழு அதையேதான் ஆராய்ஞ்சிருக்கு. சார்கோஃபாகா பெரிக்ரினாங்கற இனத்தோட புழுவை ஊசியால குத்தி, அதோட ரத்தத்துல என்ன மாறுதுன்னு பாத்தாங்க. பாக்டீரியாவைக் கொல்லுற புரதங்கள் கிளம்பி வந்துச்சு. சார்கோடாக்சின், சாபெசின்னு பேர். பூச்சிக்கும் நோய் எதிர்ப்பு உண்டுன்னு உலகம் தெரிஞ்சுக்கிட்ட காலத்துல வந்த முக்கியமான வேலை அது.

தின்னு முடிச்சதும் புழு மணலுக்குள்ள எறங்கிடும். கடைசிப் புழுத்தோலே சுருங்கி, கெட்டியாகி, பழுப்பு நிறக் கூடா மாறிடும். அந்தக் கூட்டை உடைச்சு வெளில வர்றப்ப ஈக்குப் பல்லு கிடையாது, கூர்மையான கால் கிடையாது. அதனால நெத்திலேர்ந்து ஒரு பையை ஊதுது! பலூனா வெளில பிதுங்கி வந்து, மூடியைத் தள்ளித் திறந்து, மணலை விலக்கி விலக்கி மேல ஏறும். வெளில வந்த ஈயைப் பாத்தா இதுவா அதுன்னு இருக்கும். வெளிர் நிறம், கசங்கின றெக்கை, நெத்தி மட்டும் துடிச்சுக்கிட்டு. கொஞ்ச நேரத்துல நெத்தி உள்ள போய், றெக்கை விரிஞ்சு, கோடும் கட்டமும் தெளிஞ்சுடும்.

ஒரு கூட்டுலேர்ந்து மட்டும் ஈ வரலை. ஊசி முனை ஓட்டை ஒண்ணு போட்டுக்கிட்டு எள்ளளவு குளவிங்க வரிசையா வெளில வந்துச்சு. எனக்கு சந்தோஷம் தாங்கலை! தாய்க்குளவி அந்தக் கூட்டைத் துளைச்சு உள்ள முட்டை வெச்சிருக்கு. நசோனியாங்கற குளவி இந்த வேலைக்குப் பேர் போனது. அமெரிக்க ஆய்வகங்கள்ல அதை சார்கோஃபாகா புல்லாட்டாங்கற சதை ஈயோட கூட்டுலதான் வளர்க்கறாங்க. 2010ல அதோட முழு ஜீனோமும் வந்தாச்சு. என் பாட்டில்ல வந்தது அதுதானான்னு மேடம் இன்னும் பாத்துட்டு இருக்காங்க.

இந்தக் குடும்பம் பூராவும் செத்ததைத் திங்குறது இல்லைங்கறதையும் சொல்லணும். வட அமெரிக்கால எம்ப்ளெமாசோமான்னு ஒண்ணு, சில்வண்டு பாடுற சத்தத்தைக் கேட்டே தேடிப் போய் அதுமேல புழு போடும். இன்னொரு கூட்டம், மணல்ல குழி தோண்டுற குளவி இரையைத் தூக்கிட்டுப் போறப்ப பின்னாடியே போய், அந்த இரை மேல தன் புழுவை ஏத்தி விட்டுடும். காட்டு மரங்களை மொட்டையடிக்கிற கம்பளிப்புழுவை அழிக்கிற இனத்துக்கு, மேல சொன்ன ஆல்ட்ரிச் பேரையே வெச்சிருக்காங்க: சார்கோஃபாகா ஆல்ட்ரிச்சி.

அருவருப்பா இருக்குன்னு சொல்றவங்களோட நான் சண்டை போடலை. இந்த ஈ அழுகல்லயும் மலத்துலயும் உட்கார்ந்துட்டு நேரா நம்ம சாப்பாட்டுக்கு வரும், கிருமி கொண்டு வரும். கண்டிப்பா மூடித்தான் வைக்கணும். புண்ணு இருக்குறவங்க, படுக்கைல இருக்குற பெரியவங்க மேல மொய்க்க விடவே கூடாது. புண்ணுலயும் புழு வைக்கும். அதே சமயம், தெருவுல செத்துக் கிடக்குற பெருச்சாளி எலும்பும் தோலுமா ஆகுறதுல இதுக்கும் பெரிய பங்கு இருக்கு.

மீன் குடலைத் திறந்த பக்கெட்டுல போடாதீங்க. பேப்பர்ல சுத்தி, குப்பை வண்டி வர்ற வரைக்கும் மூடி போட்டு வைங்க. வெட்டின மீனைக் கழுவி உடனே உள்ள எடுத்துடுங்க. அந்தப் போட்டோவுக்குக் கீழ இதையெல்லாம் சுருக்கி எழுதினேன். போட்டோ போட்டவங்க அதை நீக்கிட்டு அந்தக்காகிட்டயே போய்ப் பேசிட்டாங்க, நல்ல மனசு.

இப்ப உங்ககிட்ட ஒரு வேண்டுகோள். நம்ம ஊர் சதை ஈங்களைப் பாக்குறவங்க ரொம்பக் கம்மி. மாடிச் சுவர்ல, தண்ணி டேங்க் மேல, காலை வெயில்ல இது உட்கார்ந்திருந்தா மேல இருந்து ஒரு படம், முகத்துக்கு நேரா ஒரு படம், பக்கவாட்டுல ஒரு படம் எடுங்க. இடமும் தேதியும் போட்டு ஐநேச்சுரலிஸ்ட்ல ஏத்துங்க. குடும்பப் பேரோட நிறுத்திக்கோங்க, இனத்தை ஊகிச்சு எழுதாதீங்க. ஜன்னலோரம் செத்து விழுந்து கிடந்தா கூட்டித் தள்ளாதீங்க. ஒரு பேப்பர் பொட்டலத்துல மடிச்சு, ஊரும் தேதியும் எழுதி, பக்கத்து காலேஜ் விலங்கியல் துறைல குடுங்க. ரெண்டு கண்ணுக்கும் நடுவுல இடைவெளி குறுகலா, வால் நுனில பளபளன்னு ஒரு உருண்டை தெரிஞ்சா அது ஆண். அதைக் கட்டாயம் குடுங்க.